9.47க்கு எடுத்த படம்: ஜார்ஜ்டவுன் கைப்பேசித் தடயவியல் ஆய்வகத்தில் என் அனுபவம்

என் தம்பி மேல் கோலாலம்பூரில் ஒரு அடிதடி வழக்கு. சம்பவம் நடந்ததாகச் சொல்லும் இரவு 10 மணிவாக்கில் அவன் பட்டர்வொர்த்தில் என் வீட்டில் இருந்தான். அம்மாவுக்கு 70வது பிறந்தநாள். கேக் பக்கத்தில் அவன் நிற்கும் படத்தை 9.47க்கு நான்தான் எடுத்தேன். இரண்டு ஊருக்கும் இடையில் சுமார் 350 கிலோமீட்டர். இதைவிட வேறென்ன வேண்டும் என்று அன்றே லாயருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டேன்.

"அக்கா, வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பினால் எடுத்த நேரம், இடம் எல்லாம் கழன்றுவிடும். போனையே கொண்டுபோய் ஆய்வுக்குக் கொடுங்கள்" என்றார். சம்பவ நேரத்தில் வேறு இடத்தில் இருந்தான் என்று வாதாட, குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 402ஏ பிரிவின்படி அரசுத் தரப்புக்கு முன்கூட்டியே அறிவிப்பு தரவேண்டுமாம். அதனால் தள்ளிப்போட முடியவில்லை. மறுநாளே பினாங்குத் தீவில் இருக்கும் ஜார்ஜ்டவுனுக்கு பெர்ரி ஏறினேன்.

ஆய்வகம் ஒரு பழைய கடைவீட்டின் மாடியில் இருக்கிறது. படி செங்குத்து, முட்டிவலிக்காரர்கள் யோசித்துப் போங்கள். என் போனை வாங்கிய பெண் முதலில் அந்தப் போனுக்கே உரிய அடையாள எண்ணான 15 இலக்க ஐஎம்இஐ எண்ணை எழுதி, கண்ணாடியில் இருந்த கீறலைக்கூடக் குறித்து, நேரம் போட்டுக் கையெழுத்து வாங்கினார். அப்புறம் ஒரு வெள்ளி நிறப் பையில் போட்டார். அதற்குள் சிக்னல் போகாது. வெளியிலிருந்து யாரும் எதையும் அழிக்க முடியாது. போன் யார் கைக்குப் போனாலும் அந்தத் தாளில் ஒரு வரி ஏறும். இந்த ஒழுங்கு எனக்கு ரொம்பப் பிடித்தது.

போனில் இருப்பதையெல்லாம் பிரதி எடுக்க இரண்டரை மணி நேரம். முடிந்ததும் 64 எழுத்தும் எண்ணும் கலந்த ஒரு வரியைக் காட்டினார். பிரதியிலிருந்து கணக்கிட்டு எடுக்கும் கைரேகை மாதிரி, பெயர் எஸ்எச்ஏ-256 என்றார். பிரதியில் ஒரே ஒரு புள்ளி மாறினாலும் இந்த வரி வேறாகிவிடும் என்பதால், நடுவில் யாரும் கை வைக்கவில்லை என்று காட்ட இதுதான் ஆதாரம்.

திரையில் படத்தின் பதிவைப் பார்த்ததும் எனக்கு உயிரே போய்விட்டது. 13:47:22 என்றிருந்தது. மதியம் ஒன்றே முக்கால்! அவர் என் தோளைத் தொட்டு, "பயப்படாதீங்க அக்கா, இது உலகப் பொது நேரம். நம்ம ஊருக்கு எட்டு மணி நேரம் கூட்டணும்" என்றார். போன் நேரத்தை 1970 ஜனவரி 1லிருந்து எண்ணி ஒரு நீண்ட எண்ணாக வைத்திருக்கிறது. அதைத்தான் மென்பொருள் இப்படிக் காட்டுகிறது. இந்த எட்டு மணி நேரத்தைச் சொல்லிக்கொடுக்க ஆளில்லாத குடும்பம் என்ன பாடுபடும் என்று அன்று இரவு முழுக்க நினைத்துக்கொண்டிருந்தேன்.

அதோடு அவர் விடவில்லை. போனின் கடிகாரத்தை யார் வேண்டுமானாலும் மாற்றலாம் என்பதால், முன்னும் பின்னும் எடுத்த படங்களின் வரிசையைப் பார்த்தார். அந்த நிமிடங்களில் வந்த வாட்ஸ்அப் செய்திகளோடும் ஒப்பிட்டார். எல்லாம் ஒத்துப்போயின. "அப்போ தம்பி இங்கேதான் இருந்தான்னு எழுதுங்களேன்" என்று கேட்டேன். "இந்தப் போன் இந்த நேரத்தில் இந்தப் படத்தை எடுத்தது, அவ்வளவுதான் நான் எழுத முடியும். படத்தில் இருப்பது யார் என்று நீங்கள்தான் சாட்சி சொல்லணும்" என்றார். முதலில் சுருக்கென்றது. யோசித்துப் பார்த்தால், இப்படிப்பட்டவர் எழுதினால்தான் நீதிமன்றம் நம்பும்.

செலவு 1,800 வெள்ளி (ரிங்கிட்). கணினியில் உருவான ஆவணத்தை நீதிமன்றத்தில் சாட்சியமாகக் காட்ட உதவும், 1950ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 90ஏ பிரிவுக்கான சான்றிதழும் இதில் அடக்கம். அறிக்கை சொன்ன தேதிக்கு நான்கு நாள் பிந்தியது; ஒரு போன் செய்து சொல்லியிருக்கலாம். அறிக்கையில் அந்த ஒரு நாள் விவரம் மட்டும்தான் என்றாலும், முழுப் பிரதி வழக்கு முடியும்வரை அவர்களிடம்தான் இருக்கும். என் குடும்பப் பேச்செல்லாம் அதில் இருக்கிறது, மனசுக்குக் கஷ்டம்தான். எப்போது அழிப்பார்கள் என்று எழுதி வாங்கியிருக்கிறேன்.

அடுத்த மாதம் அந்த ஆய்வகப் பெண் கோலாலம்பூர் ஜாலான் டூத்தா நீதிமன்றத்துக்கு வந்து சாட்சி சொல்கிறார். பயணச் செலவு தனி. கையெழுத்துப் போடும்முன் அதைக் கேட்டுக்கொள்ளுங்கள்.