கூலியை ஒப்பிட எந்த முறை: ஓரலகா, பொது மடங்கா, குறுக்குப் பெருக்கலா?

தமிழ்நாட்டுப் பாடநூலில், 6ஆம் வகுப்பின் விகிதப் பாடத்திலேயே ஒன்றுக்கு எவ்வளவு என்று வகுத்துக் காணும் ஓரலகு முறையும், குறுக்குப் பெருக்கலுக்கு அடிப்படையான விகிதசம விதியும் அடுத்தடுத்து வந்துவிடுகின்றன. கடலூரில் 6, 7ஆம் வகுப்புகளுக்குக் கணக்கு நடத்தும் நான், கூலி ஒப்பீட்டுக்கு ஓரலகு முறையையே எடுத்துக்கொண்டேன்.

வகுப்புக்காக அமைத்த கணக்கு இது: மளிகைக் கடையில் 6 மணி நேரத்துக்கு 450 ரூபாய், முதுநகர் துறைமுகத்தில் மீன் தரம் பிரிக்க 8 மணி நேரத்துக்கு 560 ரூபாய். 560 பெரியது என்பதாலேயே பலர் மீன் வேலையைச் சொல்வார்கள். வகுத்துப் பார்த்தால் கடையில் மணிக்கு 75, துறைமுகத்தில் 70.

பொது மடங்கு முறையில் இரண்டையும் 24 மணி நேரத்துக்கு உயர்த்தினால் 1,800, 1,680 என வரும். வகுத்தலுக்குத் தயங்கும் பிள்ளைகளுக்கு இது உதவும். குறுக்குப் பெருக்கலில் 450 × 8 = 3,600, 560 × 6 = 3,360. விடை சரிதான், ஆனால் அந்த 3,600 எதைக் குறிக்கிறது என்று கேட்டால் பெரும்பாலும் பதில் வராது. அது 48 மணி நேரக் கூலி என்று விளக்கிய பிறகே அந்த எண்ணுக்குப் பொருள் கிடைக்கிறது.

என் தேர்வை முடிவு செய்தது வேறொன்று: ஓரலகு வீதம் அந்த ஒரு கணக்கோடு தீர்ந்துபோவதில்லை. மூன்றாவதாகப் பண்ருட்டியில் முந்திரி உடைக்கும் வேலை, கிலோவுக்கு 18 ரூபாய், மணிக்கு 4 கிலோ உடைக்கலாம் என்று சேர்த்தால், மணிக்கு 72 என்று உடனே வரிசையில் வைத்துவிடலாம். குறுக்குப் பெருக்கலில் ஒவ்வொரு இணையையும் தனித்தனியாகப் பெருக்கிப் பார்க்க வேண்டும். முந்திரி வேலைக்குப் போய்வர 2 மணி நேரம் ஆகுமானால், 8 மணி நேரத்தில் கிடைக்கும் 576 ரூபாயை 10ஆல் வகுக்க, வீதம் 57 ரூபாய் 60 காசுக்கு இறங்குவதையும் பிள்ளைகளே கண்டுகொள்கிறார்கள். 1948ஆம் ஆண்டின் தொழிற்சாலைகள் சட்டம் நாளொன்றுக்கு 9 மணி நேரத்துக்கோ வாரத்துக்கு 48 மணி நேரத்துக்கோ மேற்பட்ட வேலைக்கு இரட்டிப்பு வீதத்தில் கூலி தரச் சொன்னது. அந்த மிகைநேரக் கூலியைக் கணக்கிட ஒரு மணி நேரத்துக்கு எவ்வளவு என்பது முதலில் தெரிய வேண்டும். என் வகுப்புப் பிள்ளைகளில் பலருடைய வீட்டில் நாளொன்றுக்கு இவ்வளவு என்றுதான் கூலி பேசப்படுகிறது என்பதால், அதை மணிக்குப் பிரித்துப் பார்க்கும் பழக்கம் இந்த வயதிலேயே வர வேண்டும் என்று நான் உறுதியாக நினைக்கிறேன்.

ஆனால் வேகம் நிலையாக இராத கிலோக் கூலியில் 72 என்பது சராசரிதான். காலையில் 5 கிலோ உடைப்பவர் மாலையில் 3 கிலோவோடு நின்றுவிடலாம். 6 மணி நேரத்துக்கு 500, 8 மணி நேரத்துக்கு 667 போன்ற கணக்கில் மணி வீதத்தை முழு ரூபாய்க்குத் திருத்தினால் இரண்டுமே 83 ஆகி வேறுபாடு மறைந்துவிடும். குறுக்குப் பெருக்கலோ 4,000, 4,002 என்று பிசகாமல் காட்டிவிடும். அதனால் வீதங்கள் இவ்வளவு நெருங்கி வரும் கணக்குகளில் மட்டும், வகுத்த விடையைக் குறுக்குப் பெருக்கலால் ஒருமுறை சரிபார்க்கச் சொல்கிறேன்.