பெரிய கோயில் விமானம்: மைன்கிராஃப்டில் கட்டலாமா, சன்போர்டில் செய்யலாமா?

தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தை, அதாவது கருவறைக்கு மேல் எழும் கோபுரத்தை, மாடலாகச் செய்து பார்க்க ஆசைப்படுகிறவர்கள் எதில் செய்வது என்று கேட்பதற்கு முன், எந்த அளவில் செய்வது என்று கேட்க வேண்டும். அதன் அழகு உயரத்தில் மட்டும் இல்லை. கபோதத்தின் (சுவரிலிருந்து வெளியே நீளும் வளைந்த இறவாரம்) அடியில் விழும் நிழல், சுவரில் பதிந்த அரைத்தூண்களுக்கு நடுவே உள்ள மாடங்கள், தளந்தோறும் வரிசை கட்டி நிற்கும் கூடங்களும் (சதுரமான சிறு கோயில் வடிவங்கள்) சாலைகளும் (நீள்சதுரமானவை) சேர்ந்துதான் அந்த அழகு. இவை கண்ணுக்குத் தெரியாவிட்டால் வெறும் பிரமிடுதான் மிஞ்சும்.

மைன்கிராஃப்ட் என்ற வீடியோ கேமில் ஒரு பிளாக் என்பது ஒரு மீட்டர் கனசதுரம். விமானமோ சுமார் 60 மீட்டர் உயரம், அடியில் 30 மீட்டர் அகலம். ஒன்றுக்கு ஒன்று என்று கட்டினால் அரைத்தூணே காணாமல் போய்விடும். நான்கு மடங்காக்கினால் ஒரு பிளாக் 25 சென்டிமீட்டருக்குச் சமம், உயரம் 240 பிளாக். 2021-இல் வந்த 1.18 பதிப்பு உலகத்தின் உச்சியை 256-லிருந்து 320-க்கு உயர்த்தியதால், கடல் மட்டத்தில் தொடங்கினாலும் இது அடங்கிவிடும். கபோதத்துக்குப் படிக்கட்டு பிளாக்குகளைத் தலைகீழாக வையுங்கள். நிழல் நன்றாக விழும். அகலத்தை 120 என்று வைக்காமல் 121 என்று வையுங்கள். இரட்டைப்படை அகலத்தில் நட்டநடுப் பிளாக் கிடையாது. நடு மாடம் ஒரு பக்கமாக ஒதுங்கிவிடும். ஒரு பக்கத்தை முடித்துவிட்டு வேர்ல்டெடிட் என்ற கூடுதல் கருவியில் சுழற்றி ஒட்டினால் மற்ற பக்கங்கள் வந்துவிடும். கிழக்கில் மட்டும் மண்டபம் ஒட்டி நிற்பதால் அங்கே கைவேலை உண்டு.

சன்போர்டு என்ற நுரை பிளாஸ்டிக் அட்டையில் 1:100 அளவு கச்சிதம்: 60 சென்டிமீட்டர் உயரம், மேசையில் நிற்கும். 3 மில்லிமீட்டர் அட்டை நிஜத்தில் 30 சென்டிமீட்டர் ஆகிவிடுவதால் கபோதப் பட்டைக்கு அதுவே போதும். விளிம்பை உப்புத்தாளால் மெதுவாக உருட்டித் தேய்த்தால் வளைவு வந்துவிடும். தஞ்சை விமானத்தின் சரிவு நேர்கோடு என்பது பெரிய வசதி. ஒரு தாளில் முக்கோணம் வரைந்து ஒவ்வொரு தளத்தின் அகலத்தையும் ஸ்கேலாலேயே அளந்துகொள்ளலாம். கூடம், சாலை போன்ற திரும்பத் திரும்ப வரும் உறுப்புகளை ஒவ்வொன்றாக வெட்டாதீர்கள். களிமண்ணில் ஒன்று செய்து, சிலிகோன் அச்சு எடுத்து, பிளாஸ்டர் ஆஃப் பாரிஸில் வார்த்துக்கொள்ளுங்கள். பிளேடு மழுங்கியவுடன் முனையை உடைத்து எறியுங்கள். மழுங்கிய பிளேடு வெட்டாது, பிய்க்கும். தெர்மாகோல் மலிவுதான், ஆனால் மணி மணியாக உதிரும், ஃபெவிக்விக் பட்டால் கரையும், ஸ்ப்ரே பெயின்ட்டுக்கும் தாங்காது. இந்த வேலைக்கு அது வேண்டவே வேண்டாம்.

இரண்டும் திணறும் இடம் விமானத்தின் உச்சியில் உள்ள எண்பட்டைச் சிகரம். பிளாக்கில் சாய்ந்த பட்டைகள் பல்லுப் பல்லாகத் தெரியும். அட்டையில் எட்டு வளைந்த பட்டைகளையும் இடைவெளி இல்லாமல் சேர்ப்பது கடினம். அதை மட்டும் பிளெண்டர் என்ற 3டி மென்பொருளில் வரைந்து 3டி பிரின்ட் எடுத்துக்கொள்வேன். முழு விமானத்தையும் பிரின்ட் எடுக்கலாம்தான். ஆனால் ஒவ்வொரு கபோதத்தின் அடியிலும் அதைத் தாங்கிப் பிடிக்கும் சப்போர்ட் வரும், அதைப் பிய்த்த தடம் சரியாக நிழல் விழ வேண்டிய இடத்திலேயே இருக்கும்.

என் ஓட்டு சன்போர்டுக்கு. மைன்கிராஃப்டில் உள்ளே நடந்து பார்க்கலாம், பிழையை நொடியில் திருத்தலாம், காசும் அதிகம் ஆகாது. பள்ளிப் பிள்ளைகள் குழுவாகச் செய்ய அதைவிட நல்லது இல்லை. ஆனால் ஜன்னலோரம் வைத்த மாடலில் காலை வெயில் சாய்வாகப் பட்டு, தளம் தளமாக நிழல் இறங்குவது திரையில் கிடைப்பதில்லை.

கங்கைகொண்ட சோழபுரம் செய்வதென்றால் கணக்கு மாறும். அங்கே விமானத்தின் விளிம்பு வளைந்து ஏறுகிறது. தளத்துக்குத் தளம் அகலம் ஒரே சீராகக் குறையாது. முக்கோணத் தாள் உதவாது. அதற்கு முதலில் பிளெண்டரில் வளைவை வரைந்து, அகலங்களைக் குறித்துக்கொண்டு, அப்புறம் அட்டையில் கை வையுங்கள்.