காஷிமா சாக்கர் ஸ்டேடியமும் அதன் அருங்காட்சியகமும்: டோக்கியோவிலிருந்து இரண்டு மணி நேரம் பயணம் செய்து போகலாமா?

ஜப்பானுக்குச் செல்லும் கால்பந்து ரசிகர்களில் பெரும்பாலோர் டோக்கியோ, யோகோஹாமா, சைதாமா ஆகிய ஊர்களில் ஏதாவது ஒன்றில் ஓர் ஆட்டத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். அந்த மைதானங்களுக்கு மெட்ரோவிலேயே போய்விடலாம் என்பதால் அது இயல்புதான். ஆனால் ஜப்பானியத் தொழில்முறைக் கால்பந்து எப்படி உருவானது என்பதை ஒரே நாளில், ஒரே இடத்தில் புரிந்துகொள்ள விரும்புபவர்கள் இபராகி மாகாணத்தின் கடலோரத்தில் இருக்கும் காஷிமாவுக்குத்தான் போக வேண்டும் என்பது, அங்கே ஒரு முழு நாளைச் செலவிட்ட பிறகு எனக்கு ஏற்பட்டிருக்கும் உறுதியான கருத்து. காஷிமா ஆன்ட்லர்ஸ் கழகத்தின் சொந்த மைதானமும், அதற்குள்ளேயே இருக்கும் சாக்கர் அருங்காட்சியகமும், ஆட்ட நாளில் அங்கே கிடைக்கும் உணவும் சேர்ந்ததுதான் நான் இங்கே மதிப்பிடும் அனுபவம்.

டோக்கியோ ரயில் நிலையத்தின் யாயேசு தெற்கு வாசலிலிருந்து புறப்படும் விரைவுப் பேருந்து ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தில் காஷிமாவை அடைகிறது. ரயிலில் போனால் நேரம் சற்றுக் கூடும்; ஆனால் கிதாவுரா ஏரியின் மேல் நீளும் பாலத்தை ரயில் கடக்கும் சில நிமிடங்களுக்காகவே ஒருவழிப் பயணத்தையாவது ரயிலில் வைத்துக்கொள்ளலாம். மைதானத்துக்கென்று தனி ரயில் நிலையம் இருக்கிறது. ஆட்ட நாட்களில் மட்டுமே ரயில்கள் அங்கே நிற்கும். மற்ற நாட்களில் அருங்காட்சியகத்தை மட்டும் பார்க்கப் போகிறவர்கள் முந்தைய நிலையமான காஷிமாஜிங்குவில் இறங்கிக்கொள்ள வேண்டும்.

இவ்வளவு தொலைவில், பெரிய நகரம் எதுவும் அருகில் இல்லாத ஒரு கடலோர ஊரில், நாட்டின் மிக வெற்றிகரமான கழகம் எப்படி வேரூன்றியது என்ற கேள்வி வழியெல்லாம் மனத்தில் இருந்தது. கழகம் 1947-இல் ஒசாகாவில் சுமிதோமோ மெட்டல் நிறுவனத்தின் ஊழியர் அணியாகத் தொடங்கியது. நிறுவனம் காஷிமாவில் பெரிய உருக்காலையை அமைத்ததைத் தொடர்ந்து, 1975-இல் அணியும் அங்கே இடம்பெயர்ந்தது. அக்காலத்து ஜப்பான் சாக்கர் லீக் முழுவதும் இப்படிப்பட்ட நிறுவன அணிகளால் ஆனது. 1965-இல் தொடங்கிய அந்த லீக், 1968 மெக்சிகோ ஒலிம்பிக்கில் ஜப்பான் வெண்கலம் வென்றபோது மக்கள் கவனத்தைப் பெற்றாலும், பின்னர் ஆண்டுக்கு ஆண்டு கூட்டம் குறைந்து காலி இருக்கைகளின் நடுவே நடக்கும் போட்டியாகிவிட்டது. வீரர்கள் பகலில் அலுவலகத்திலோ ஆலையிலோ வேலை பார்த்துவிட்டு மாலையில் பயிற்சி செய்தார்கள். சுமிதோமோ அணி பெரும்பாலும் இரண்டாம் பிரிவிலேயே காலம் தள்ளியது.

1990-களின் தொடக்கத்தில் ஜே லீக் என்ற தொழில்முறை லீக்கைத் தொடங்கும் திட்டம் உருவானபோது, இரண்டாம் பிரிவு அணியான சுமிதோமோவும் விண்ணப்பித்தது. லீக்கின் முதல் தலைவரான சபுரோ கவாபுச்சி, இந்த விண்ணப்பம் ஏற்கப்படுவதற்கு 99.9999 சதவீதம் வாய்ப்பில்லை என்று நேரடியாகவே சொன்னார். கூரை வேய்ந்த, கால்பந்துக்கென்றே அமைந்த, 15,000 பேர் அமரக்கூடிய ஒரு மைதானத்தைக் கட்டினால் மட்டுமே யோசிக்கலாம் என்பது அவர் வைத்த நிபந்தனை. மறுப்பை மரியாதையாகச் சொல்லும் வழியாகவே அது கருதப்பட்டது. ஆனால் இபராகி மாகாண அரசு அதை அப்படியே சவாலாக எடுத்துக்கொண்டு, மைதானத்தைக் கட்டித் தர ஒப்புக்கொண்டது. அப்போது காஷிமா நகர் என்ற தகுதிகூடப் பெற்றிருக்கவில்லை. அந்தத் தகுதி 1995-இல்தான் கிடைத்தது. அணிக்காக மைதானம் கட்டுவது எங்கும் நடப்பது. இங்கே மைதானம் கட்டப்பட்டதால்தான் தொழில்முறை அணியே பிறந்தது. இந்தக் கதையைத் தெரிந்துகொண்டு உள்ளே நுழைகிறவருக்குக் கட்டடத்தின் ஒவ்வொரு தூணும் வேறு விதமாகத் தெரியும்.

2002 உலகக் கோப்பைக்காக இது ஏறத்தாழ 40,000 பேர் அமரும் அளவுக்கு விரிவாக்கப்பட்டது. அர்ஜென்டினா நைஜீரியாவை வென்றதும், ஜெர்மனிக்கு எதிராக அயர்லாந்தின் ராபி கீன் கடைசி நிமிடங்களில் சமன் செய்ததும், குரோஷியா இத்தாலியைத் தோற்கடித்ததும் இந்தப் புல்லில்தான். விரிவாக்கத்துக்குப் பிறகும் இதன் அடிப்படைப் பண்பு மாறவில்லை. ஓட்டப் பாதை இல்லாததால் இருக்கைகள் ஆடுகளத்துக்கு மிக நெருக்கமாக இருக்கின்றன. நான் மேல் அடுக்கில், நடுக்கோட்டுக்கு நேராக அமர்ந்திருந்தேன். பந்து எந்தப் பக்கம் திரும்பப் போகிறது என்பதைத் தடுப்பாட்டக்காரரின் இடுப்பு அசைவிலிருந்தே கணிக்க முடிந்தது. காலணி பந்தில் படும் ஓசை ரசிகர்களின் பாட்டையும் மீறிக் கேட்டது. முதல்முறை செல்பவர்களுக்கு இந்த மேல் அடுக்கையே பரிந்துரைக்கிறேன். கோல் கம்பத்துக்குப் பின்னால் உள்ள பகுதி ஆட்டம் முழுவதும் நின்று, குதித்து, பாடுபவர்களுக்கானது. அவர்களோடு சேர விரும்புபவர்கள் மட்டும் அங்கே சீட்டு வாங்கலாம்.

அருங்காட்சியகம் பெரியதல்ல. அவசரமாகப் பார்த்தால் அரை மணி நேரத்தில் வெளியே வந்துவிடலாம். பின்கதை தெரிந்து பார்த்தால் இரண்டு மணி நேரமும் போதாது. கோப்பைகள், சட்டைகள், புகைப்படங்கள் ஆகியவற்றின் நடுவே எங்கு திரும்பினாலும் ஜீகோவின் நினைவு இருக்கிறது. பிரேசிலின் மாபெரும் நட்சத்திரமாக விளங்கி, அந்நாட்டு விளையாட்டுத் துறைப் பொறுப்பையும் வகித்த அவர், 1991-இல் தம் 38-ஆம் வயதில் ஓர் இரண்டாம் பிரிவு ஆலை அணிக்கு ஆட வந்தார். வந்தவர் தம் ஆட்டத்தைக் காட்டியதோடு நிற்கவில்லை. உடை மாற்றும் அறையின் ஒழுங்கிலிருந்து தோல்வியை எதிர்கொள்ளும் விதம் வரை அனைத்தையும் மாற்றினார். அர்ப்பணிப்பு, நேர்மை, மதிப்பு என்ற மூன்று சொற்கள் அவர் விட்டுச் சென்ற கொள்கையாக இன்றும் கழகத்தில் நிலைத்திருக்கின்றன. 1993 மே 16 அன்று, லீக்கின் முதல் வார இறுதியில், இதே மைதானத்தில் நாகோயாவை 5-0 என்று காஷிமா வீழ்த்தியபோது அவர் மூன்று கோல்கள் அடித்தார். மற்ற இரண்டும் சக வீரர் அல்சிந்தோவுடையவை. அப்போது பருவம் இரு பாதிகளாக நடந்து, அவற்றின் வெற்றியாளர்கள் இறுதிச் சுற்றில் மோதினார்கள். முந்தைய ஆண்டுவரை இரண்டாம் பிரிவில் இருந்த அணி அந்தத் தொடரின் முதல் பாதியையே வென்றது.

அதே பருவத்தின் முடிவில் நடந்ததையும் சொல்லியாக வேண்டும். 1994 ஜனவரியில் வெர்டி கவாசாகிக்கு எதிரான இறுதிச் சுற்றில், எதிரணிக்குப் பெனால்டி வழங்கப்பட்டபோது ஜீகோ பந்தின் அருகே சென்று அதன் மேல் உமிழ்ந்ததால் வெளியேற்றப்பட்டார். மதிப்பு என்ற சொல்லைக் கற்பித்தவர் அதை மீறிய நாள் அது. எனினும் இந்த மக்கள் அவரை அதனால் குறைவாக நினைத்ததில்லை. பக்கத்து இருக்கையில் அமர்ந்திருந்த ஒரு முதியவர், முதல் ஆட்டத்தைத் தாம் இதே மைதானத்தில் பார்த்ததாகச் சொல்லிவிட்டு, ஜீகோ அன்று அடித்த ஃப்ரீ கிக்கின் வளைவைக் காற்றில் விரலால் வரைந்து காட்டினார். அந்த விரல் கோட்டை நான் மறக்கப் போவதில்லை.

கோப்பைகளின் வரிசையை வெறும் எண்ணிக்கையாகப் பார்த்துவிட்டுக் கடந்துவிடக் கூடாது. 2000-ஆம் ஆண்டில் லீக், லீக் கோப்பை, நாடு தழுவிய வெளியேற்றுப் போட்டியான பேரரசர் கோப்பை மூன்றையும் ஒருசேர வென்ற முதல் ஜப்பானியக் கழகம் இது. 2001-இல் ஜுபிலோ இவாதாவுக்கு எதிரான இறுதிச் சுற்றின் இரண்டாவது ஆட்டத்தில், முதல் கோலோடு ஆட்டம் முடியும் கூடுதல் நேரத்தில், மிட்சுவோ ஒகசவாரா அடித்த ஃப்ரீ கிக் இந்த மைதானத்திலேயே பட்டத்தைத் தந்தது. எனக்கு எல்லாவற்றையும்விடப் பெரியதாகத் தோன்றுவது 2007. ஐந்து ஆட்டங்கள் மீதமிருந்தபோது உராவா ரெட்ஸ் பத்துப் புள்ளிகள் முன்னால் இருந்தது. காஷிமா கடைசி ஒன்பது ஆட்டங்களையும் தொடர்ச்சியாக வென்றது. இறுதி நாளில் உராவா, பட்டியலின் அடியில் இருந்த யோகோஹாமா எஃப்சியிடம் தோற்றது. அங்கே தொடங்கி 2009 வரை, பிரேசில் பயிற்சியாளர் ஒஸ்வால்டோ டி ஒலிவெய்ராவின் கீழ் மூன்று ஆண்டுகளும் பட்டம் காஷிமாவுக்கே.

2016 பட்டம் குறித்து எனக்கு மாற்றுக் கருத்து உண்டு. 2005 முதல் ஒரே பட்டியலாக நடந்துவந்த லீக்கை, 2015-லும் 2016-லும் மீண்டும் இரு பாதிகளாகப் பிரித்து, முடிவில் தனியாக இறுதிச் சுற்று வைத்தார்கள். அதன் விளைவாக ஆண்டு முழுவதும் 74 புள்ளிகள் எடுத்த உராவாவை, 59 புள்ளிகள் எடுத்த காஷிமா, மொத்தக் கோல்கள் சமமான நிலையில், எதிரணி மைதானத்தில் அடித்த கோல்களின் கணக்கில் முந்திச் சாம்பியன் ஆனது. விதிக்கு உட்பட்ட வெற்றிதான். ஆனால் உராவா ரசிகர்களின் வலி நியாயமானது, அந்த முறை கைவிடப்பட்டதும் நல்லது. அதே சமயம், அந்தப் பட்டத்தால் கிடைத்த இடத்தைக் கொண்டுதான் காஷிமா அந்த டிசம்பரில் உலகக் கழகக் கோப்பையில் ஆடி, இறுதி ஆட்டத்துக்கு முன்னேறிய முதல் ஆசியக் கழகமானது. யோகோஹாமாவில் ரியல் மாட்ரிட்டுக்கு எதிராக காகு ஷிபாசாகி இரண்டு கோல்கள் அடித்து 2-1 என்று முன்னிலை தந்தார்; ரொனால்டோவின் மூன்று கோல்களால் கூடுதல் நேரத்தில் 4-2 என்று ஆட்டம் கைநழுவியது. 2018-இல் ஈரானின் பெர்செபோலிஸை வென்று ஆசிய சாம்பியன்ஸ் லீக்கைக் கைப்பற்றியபோது அந்தக் குறை ஓரளவு தீர்ந்தது. ஒன்பதாவது லீக் பட்டம் 2025-இல், இதே கழகத்தின் முன்னாள் வீரரான தோரு ஒனிகியின் பயிற்சியில் வந்தது.

லீக்கின் முதல் பத்துக் கழகங்களோடு ஒப்பிட்டால்தான் இந்தச் சிறிய ஊரின் சாதனை முழுமையாகப் புரியும். யோகோஹாமா ஃபிளூகல்ஸ் முதலாளி நிறுவனத்தின் நெருக்கடியால் அதே ஊரின் மரினோஸ் கழகத்தோடு இணைக்கப்பட்டு, 1999 புத்தாண்டு நாளில் பேரரசர் கோப்பையை வென்ற கையோடு இல்லாமல் போனது. வெர்டி கழகம் கவாசாகி நகரை விட்டு டோக்கியோவுக்குப் போய்விட்டது. 1999-இல் இரண்டாம் பிரிவும், 2014-இல் மூன்றாம் பிரிவும் சேர்ந்து, இன்று மூன்று பிரிவுகளிலும் 60 கழகங்கள் ஆடுகின்றன. அந்தப் பத்தில் ஒருமுறைகூடத் தரமிறங்காதவை இரண்டே: மரினோஸும் காஷிமாவும். பெயரில் நிறுவனம் இருக்கக் கூடாது, கழகம் ஊருக்குச் சொந்தமாக இருக்க வேண்டும் என்று லீக் விதித்த கொள்கை காஷிமாவில் எழுத்தளவில் நின்றுவிடவில்லை. மைதானத்துக்குள் மருத்துவமனைப் பிரிவும் உடற்பயிற்சிக் கூடமும் இயங்குகின்றன. 2019-இல் பெரும்பான்மைப் பங்குகள் உருக்காலை நிறுவனத்திடமிருந்து மெர்காரி என்ற இணைய வணிக நிறுவனத்துக்குக் கைமாறிய பிறகும் கழகம் ஊரை விட்டு நகரவில்லை.

உணவைப் பற்றிச் சொல்லாமல் இந்த மதிப்பீடு முழுமையாகாது. காஷிமாவின் உணவுக்காகவே எதிரணி ரசிகர்களும் இங்கே வருகிறார்கள். மோட்சு நிகோமி என்பது பன்றிக் குடலை முள்ளங்கி முதலிய காய்களோடு மிசோவில் நெடுநேரம் கொதிக்கவைத்துத் தரும் குழம்பு. பெரிய அண்டாவிலிருந்து கரண்டியால் கிண்ணத்தில் ஊற்றி, மேலே நறுக்கிய வெங்காயத்தாளைத் தூவிக் கொடுத்தார்கள். கடற்காற்று வீசும் மாலையில் அந்தக் கிண்ணத்தை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொள்வதே தனிச் சுகம். தடித்த இறைச்சித் துண்டுகளைக் குச்சியில் கோத்துக் கரியில் வாட்டும் ஹாம் யாகி அடுத்தது. அதன் புகை நடைபாதை முழுவதும் பரவிக் கிடக்கிறது. பெயர் பெற்ற பண்டங்களில் பன்றி இறைச்சியே மிகுதி என்பதால், அதைத் தவிர்ப்பவர்களும் சைவ உணவினரும் கையில் ஏதாவது கொண்டுபோவது நல்லது.

காலையிலேயே கிளம்பினால் காஷிமா ஜிங்கு கோயிலையும் பார்த்துவிடலாம். ஊரின் பெயரில் மான் இருக்கிறது, கழகத்தின் பெயருக்கு மான் கொம்புகள் என்று பொருள், இரண்டுக்கும் வேரான மான்கள் அந்தக் கோயில் வளாகத்தில் வேலிக்குள் மேய்கின்றன. ஒவ்வொரு பருவத்துக்கு முன்பும் வீரர்கள் இங்கே வந்து வழிபடுகிறார்கள். 2011 நிலநடுக்கத்தில் மைதானம் சேதமடைந்து அணி சிறிது காலம் டோக்கியோவில் ஆட நேர்ந்தபோது, கோயிலின் கல் நுழைவாயிலும் இடிந்து விழுந்தது; 2014-இல் அதைக் கோயில் காட்டிலேயே வளர்ந்த தேவதாரு வகை மரங்களால் மீண்டும் எழுப்பினார்கள்.

ஆட்டம் முடிந்ததும் சாலைகள் நெரிசலாகிவிடும் என்பது ஊரறிந்த செய்தி. டோக்கியோ செல்லும் பேருந்துக்கான நேரத்தை முன்பே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். 2026 முதல் ஜே லீக் ஆகஸ்டில் தொடங்கி அடுத்த ஆண்டு ஜூன் தொடக்கத்தில் முடியும் அட்டவணைக்கு மாறுகிறது. எனவே பழைய பயணக் குறிப்புகளை நம்பி ஜூலையில் ஆட்டம் இருக்கும் என்று எண்ணிப் போக வேண்டாம். நான் மறுபடி போவதென்றால் குளிர்காலத்து ஆட்டம் ஒன்றைத் தேர்ந்தெடுப்பேன், மேல் அடுக்கில் அதே பகுதியில் சீட்டு எடுப்பேன், அண்டாவின் முன் வரிசை நீள்வதற்குள் அங்கே போய் நின்றுவிடுவேன்.