ஒரு ஆளுக்கான ஃபில்டர்: ஐந்து மாத அனுபவம்

பேத்தியைப் பார்த்துக்கொள்ள வீட்டுக்காரம்மா ஹைதராபாத் போய் ஐந்து மாதமாகிறது. முதல் வாரம் பழைய ஃபில்டரிலேயே காபி போட்டேன். அது நாலைந்து பேருக்கானது, அகலம் ஜாஸ்தி. இரண்டு ஸ்பூன் தூள் அதன் அடியில் மெல்லிசாகப் பரவிக் கிடக்க, ஊற்றிய வெந்நீர் கடகடவென்று இறங்கி டிகாஷன் என்ற பெயரில் பழுப்புத் தண்ணீராக நிற்கும். நிறையப் போட்டால் மிச்சம் சாயங்காலம் வரை கிடந்து கசக்கும். கொட்ட மனசு வராமல் அதையும் குடித்தேன்.

அப்புறம்தான் திருப்பாதிரிப்புலியூரில் ஒரு பாத்திரக் கடையில் இருப்பதிலேயே சின்ன எவர்சில்வர் ஃபில்டராகப் பார்த்து வாங்கினேன், 280 ரூபாய். "எத்தனை பேருக்கு சார்?" என்று கேட்டார்கள். ஒருத்தருக்கு என்று சொல்ல வாய் வரவில்லை. "சின்னதா இருந்தா போதும்" என்றேன்.

நல்ல சாமான். காலை ஐந்தரைக்குத் தூளைப் போட்டு, தட்டால் லேசாக அமுக்கி (பலமாக அமுக்கினால் இறங்கவே இறங்காது), கொதிக்கிற தண்ணீரை ஊற்றி மூடிவிட்டுப் பால் வாங்கப் போவேன். திரும்பி வந்து கதவைத் திறந்தால் வாசம் வாசல் வரை வந்து நிற்கும், உள்ளே யாரோ எழுந்து அடுப்படியில் இருக்கிற மாதிரி. அதற்காகவே பால் பாக்கெட்டை முந்தின நாளே வாங்கி வைப்பதில்லை.

தூள் 80-க்கு 20 சிக்கரி. 100 கிராம்தான் வாங்குவேன். கடலூர் காற்றில் தூள் சீக்கிரம் நமுத்துப்போகும் என்று கடையில் சொல்லியிருக்கிறேன். நிஜக் காரணம், கால் கிலோவாக வாங்கினால் வாராவாரம் அங்கே போய்ப் பத்து நிமிஷம் பேச முடியாது.

குறையும் உண்டு. மூடி லொடலொட. ஓட்டைகள் ரொம்பப் பொடிசு, பத்து நாளுக்கொருமுறை அடைத்துக்கொள்கிறது. மேல் பாத்திரத்தை மட்டும் அடுப்பில் கொஞ்சம் காட்டி, ஆறியதும் தட்டினால் கருகின தூள் உதிர்ந்துவிடும். விருந்தாளி வந்தால் மட்டும் திண்டாட்டம். ஐந்து மாதத்தில் இரண்டு தடவைதான் திண்டாடினேன்.

ஐந்துக்கு நாலு மார்க். வீடியோ காலில் காட்டினேன். "அழகாத்தான் இருக்கு. பெரியதைத் தூக்கிப் பரண்ல போட்டுடாதீங்க" என்றாள்.