ரிட்ராக்‌ஷன் வாட்ச் டேட்டாபேஸ்: தாராளமாகப் பயன்படுத்துங்கள், தரவரிசை மட்டும் போடாதீர்கள்

ஆராய்ச்சிக்கு உலகம் எவ்வளவு செலவழிக்கிறது என்று கேட்டால் பதில் சட்டென்று கிடைத்துவிடும், யுனெஸ்கோ கணக்குப்படி 2018-இல் உலக மொத்த உற்பத்தியில் 1.79 சதவீதம். கட்டுரை எண்ணிக்கையில் 2016-இல் சீனா அமெரிக்காவைத் தாண்டியதும் தெரிந்த கதைதான். வெளிவந்ததில் எதை நம்பலாம் என்று கேட்டால்தான் ஆளாளுக்குத் தலையைச் சொறிகிறார்கள். அந்த இடத்தில் கொஞ்சமாவது கைகொடுப்பது இந்த டேட்டாபேஸ், அதாவது தவறோ மோசடியோ தெரியவந்து திரும்பப் பெறப்பட்ட (ரிட்ராக்ட் செய்யப்பட்ட) ஆராய்ச்சிக் கட்டுரைகளின் பட்டியல். பத்திரிகையாளர்கள் ஐவன் ஒரான்ஸ்கியும் ஆடம் மார்கஸும் 2010-இல் தொடங்கிய வலைப்பதிவிலிருந்து வளர்ந்தது, 2023-இல் கிராஸ்ரெஃப் (ஆராய்ச்சிக் கட்டுரைகளுக்கு அடையாள எண் பதியும் லாபநோக்கற்ற அமைப்பு) இதை வாங்கி எல்லோருக்கும் இலவசமாகத் திறந்துவிட்டது. பதிவு கிதிவு எதுவும் வேண்டாம், முழு ஃபைலையும் இறக்கிக்கொள்ளலாம்.

திரும்பப் பெறப்பட்ட ஒவ்வொரு கட்டுரைக்கும் ஒரு வரிசை. இதழ், பதிப்பகம், நாடு, காரணம் எல்லாம் இருக்கும், ஆனால் எனக்குப் பிடித்தது இரண்டு தேதிகள்: வெளியான நாள், திரும்பப் பெற்ற நாள். தடுப்பூசியையும் ஆட்டிசத்தையும் முடிச்சுப் போட்ட வேக்ஃபீல்ட் என்ற மருத்துவரின் கட்டுரை லான்செட் மருத்துவ இதழில் 1998-இல் வந்தது, 2010-இல்தான் போனது. அதே லான்செட்டில் 2020 மே 22 அன்று வந்த ஹைட்ராக்சிகுளோரோகுயின் கொரோனா மருந்தாகுமா என்பது பற்றிய, சர்ஜிஸ்ஃபியர் என்ற நிறுவனத்தின் தரவை வைத்து எழுதிய கட்டுரை ஜூன் 4-லேயே திரும்பப் பெறப்பட்டது. ஒரே இதழ்தான், ஒன்றுக்குப் பன்னிரண்டு வருடம், இன்னொன்றுக்கு இரண்டு வாரம்கூட ஆகவில்லை. இந்த இடைவெளியைப் பார்க்கவே ஃபைலைத் திறக்கலாம்.

சரி, குறைகள். ஒரே கட்டத்துக்குள் நாலைந்து காரணங்களை அரைப்புள்ளி போட்டு அடைத்து வைத்திருக்கிறார்கள், பிரித்தெடுக்காமல் எண்ணினால் கணக்கு கண்டபடி போகும். பெரிய ஃபைல் என்பதால் போனில் திறந்து பார்க்கும் ஆசையை விட்டுவிடுங்கள். அப்புறம் 2023. அந்த ஒரு வருடத்தில் மட்டும் திரும்பப் பெற்றவை பத்தாயிரத்துக்கு மேல், அதில் எட்டாயிரத்துக்கும் அதிகம் வைலி பதிப்பகத்துக்குச் சொந்தமான ஹிந்தாவி இதழ்களிலிருந்து மொத்தமாக வாரி வெளியே போட்டவை. வரைபடம் போட்டால் அந்த வருடம் மலை மாதிரி நிற்கும், உடனே "அறிவியலே கெட்டுவிட்டது" என்று ஆரம்பித்துவிடுவார்கள். உண்மையில் அவை பெரும்பாலும் முந்தைய வருடங்களில் வெளியான கட்டுரைகள், கூட்டிப் பெருக்கியது மட்டும்தான் 2023-இல்.

நாடுவாரியாகப் பட்டியல் போடுகிறவர்களுக்கும் இதே பேச்சுதான். மொத்தக் கட்டுரை எண்ணிக்கையால் வகுக்காமல் போட்டால் அதிகம் எழுதுகிற நாடுதான் மேலே நிற்கும். வகுத்தாலும் தெரிவது பிடிபட்டவை மட்டுமே. 2015-இல் 100 உளவியல் ஆய்வுகளை மறுபடி செய்து பார்த்தார்கள், புள்ளியியல்படி தேறியது 36 சதவீதம். தேறாத ஆய்வுகள் அதற்காக மட்டும் இந்தப் பட்டியலுக்குள் வந்துவிடாது. தன் தவற்றைத் தானே கண்டுபிடித்துத் திரும்பப் பெற்ற நேர்மையான ஆளும் புளுகிய ஆளும் ஒரே பட்டியலில்தான் இருப்பார்கள், ஆகவே காரணத்தைப் படிக்காமல் யாரையும் திட்டாதீர்கள்.

மேற்கோள் காட்டப்போகும் கட்டுரை உயிரோடு இருக்கிறதா என்று மட்டும் பார்க்கவேண்டும் என்றால் ஃபைலே தேவையில்லை. மேற்கோள்களைச் சேமித்து அடுக்கித்தரும் இலவச மென்பொருளான ஸொட்டேரோ 2019 முதல் இந்தத் தகவலை எடுத்துக்கொள்கிறது, உங்கள் சேமிப்பில் அப்படி ஒன்று இருந்தால் சிவப்புப் பட்டை போட்டுக் காட்டிவிடும். எனக்குப் பாதி வேலை அதிலேயே முடிந்துவிடுகிறது.