ஐஸ்லாந்தின் 2016 நீல ஜெர்சி: வாங்கலாமா?

சட்டையாக மட்டும் பார்த்தால் இது சுமார்தான். 2016 யூரோ கால்பந்துக் கோப்பைக்கு இத்தாலியின் எர்ரேயா நிறுவனம் தைத்தது. நீல பாலியஸ்டர், மேலிருந்து கீழே ஓடும் சிவப்பு வெள்ளைப் பட்டை, அவ்வளவுதான். வியர்த்தால் முதுகோடு ஒட்டிக்கொள்ளும். உடம்பைப் பிடிக்கிற தையல் என்பதால் ஒரு சைஸ் பெரிதாகவே எடுங்கள்.

இருந்தும் என்னிடம் உள்ள ஜெர்சிகளில் எனக்கு இதுதான் உசத்தி. சுமார் 3,30,000 பேரே வாழும் நாடு, ஆண்கள் அணி முதல்முறையாக ஒரு பெரிய தொடருக்கு வந்து, ரொனால்டோவின் போர்ச்சுகலை 1-1 என்று மடக்கி, ஆஸ்திரியாவைக் கடைசி நொடிகளில் சாய்த்து, நீஸ் நகரில் இங்கிலாந்தை 2-1 என்று மூட்டை கட்ட வைத்ததே, அதெல்லாம் இந்தச் சட்டையைப் போட்டுக்கொண்டிருந்த காலத்தில்தான். அந்த ஆட்டத்தில் நாலாவது நிமிடமே இங்கிலாந்தின் ரூனி பெனால்டியில் கோல் அடித்துவிட்டார். சரி, கதை முடிந்தது என்று நினைப்பதற்குள் ஐஸ்லாந்தின் ஆரோன் குன்னர்சன் பந்தைக் கையால் நெடுந்தூரம் எறிய, ஆர்னசன் தலையால் தட்டிவிட, ராக்னர் சிகுர்ட்சன் ஓடிவந்து வலைக்குள் தள்ளினார். காலிறுதியில் பிரான்சிடம் 5-2 என்று தோற்றார்கள், அதனால் என்ன?

அதிர்ஷ்டம் என்பவர்களோடு எனக்கு உடன்பாடே இல்லை. குளிர்காலத்திலும் பிள்ளைகள் ஆடக் கூரை போட்ட மைதானங்கள் கட்டினார்கள், சின்னப் பிள்ளைகளுக்கே முறையாகப் பயிற்சி பெற்ற கோச்சுகளை வைத்தார்கள். லார்ஸ் லாகர்பேக்கோடு சேர்ந்து அணிக்குப் பயிற்சி தந்த ஹெய்மிர் ஹால்கிரிம்சன் ஒரு பல் மருத்துவர்!

அப்புறம் ஐஸ்லாந்து ரசிகர்களின் அந்தக் கைதட்டல். முரசு இரண்டு முறை அதிரும், எல்லாக் கைகளும் தலைக்கு மேல் விரியும், ஒரே தட்டு, ஒரே “ஹூ”, பிறகு அமைதி, மறுபடி முரசு, போகப் போக வேகம் கூடும். ஊர் திரும்பிய அணியோடு ரெய்க்யாவிக்கில் கூடிய கூட்டம் அதைச் செய்தபோது எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. அதற்குப் பிறகு எத்தனையோ நாட்டு ரசிகர்கள் அதைத் தங்களுடையதாக்கிக்கொண்டார்கள்.

வாங்கினால் முதுகில் பெயர் அச்சிட்டதாகவே வாங்குங்கள். குன்னர்சனின் 17 என் தேர்வு. நம்மைப் போலவே ஐஸ்லாந்துக்காரர்களிலும் பெரும்பாலானோர் பெயரோடு அப்பா பெயரைத்தான் சுமக்கிறார்கள். பிற்பாடு பூமா நிறுவனம் தைத்துக் கொடுத்த சட்டைகளில் துணி மேல், ஆனால் எனக்கு இதுதான் வேண்டும். அச்சு உரியாமலிருக்க உள்புறம் திருப்பிப் பச்சைத் தண்ணீரில் அலசுங்கள், அச்சின் மேல் இஸ்திரிப் பெட்டி படவே கூடாது.