நெட்ஃப்ளிக்ஸா, பிரைமா, வாங்கிவிடுவதா: இறக்கிய படத்துக்கு எத்தனை நாள் ஆயுள்?

மாதத்தில் ஒரு வெள்ளி இரவு கொழும்பு வெள்ளவத்தையில் பஸ் ஏறி யாழ்ப்பாணம் போகிறேன். அம்மா அங்கே தனியாக இருக்கிறா. வீட்டில் இணைய இணைப்பு இல்லை, ஃபோன் சிக்னலுக்கும் முற்றத்துக்கு வரவேண்டும். அதனால் இரண்டு டேப்லெட் வைத்திருக்கிறோம். ஒன்று அவவிடம் இருக்கும்போது மற்றதில் நான் கொழும்பில் படங்களை இறக்கி நிரப்புவேன், போகும்போது மாற்றிக்கொள்வோம். கடந்த இரண்டு வருடங்களில் சட்டப்படி படம் இறக்கத் தரும் வழிகள் பலவற்றைப் பாவித்துப் பார்த்துவிட்டு, இப்போது அமேசான் பிரைம் வீடியோவில் நிற்கிறேன்.

படத்தின் தரம், செயலியின் அழகு பற்றியெல்லாம் எழுதப் பெரிதாக ஒன்றுமில்லை. எல்லாமே நன்றாகத்தான் ஓடுகின்றன. தமிழ்ப் படங்களும் நெட்ஃப்ளிக்ஸ், பிரைம் ஆகிய இரண்டு பெரிய சேவைகளிலும் போதுமான அளவு உண்டு. இந்தியாவில் மட்டும் இயங்கும் செயலிகளை, வேறு நாட்டில் இருப்பதாகக் காட்டும் விபிஎன் போட்டு எடுப்பதை நான் கணக்கில் எடுக்கவில்லை, அது அவர்களின் நிபந்தனைக்கு வெளியே போய்விடும். தயாரிப்பாளர்களே யூடியூப்பில் ஏற்றிய பழைய படங்கள் இலவசம்தான். ஆனால் கையில் இணையம் இருக்கிறவர்களுக்கு.

என் தெரிவைத் தீர்மானித்தது ஒரே விஷயம்: இறக்கிய படம் எத்தனை நாள் உயிரோடு இருக்கும் என்பது.

இதை நான் பட்டுத்தான் அறிந்தேன். ஒருமுறை ஒரு இணையக் கடையில் புதிய படமொன்றை வாடகைக்கு எடுத்து இறக்கிக் கொடுத்தேன். மூன்றாம் நாள் அம்மா ஃபோன் எடுத்தா. "தம்பி, பாதிப்படம் பார்த்தனான். இப்ப தட்டினால் ஓடுதில்லை." வாடகைப் படங்களின் வழக்கம் இதுதான். எடுத்த நாளிலிருந்து 30 நாளுக்குள் பார்க்கத் தொடங்கலாம், தொடங்கிவிட்டால் பெரும்பாலும் 48 மணித்தியாலத்துக்குள் முடித்துவிட வேண்டும். அம்மா சமைத்து, கோயிலுக்குப் போய், நித்திரை வந்தால் நிறுத்திவிட்டு, ஒரு படத்தை மூன்று நான்கு நாளாகப் பார்ப்பவ. இந்த விதி அவவுக்குப் பொருந்தவில்லை.

நெட்ஃப்ளிக்ஸ் இலங்கைக்கு 2016 ஜனவரியில் வந்தது, அதே வருட இறுதியில் பதிவிறக்க வசதியும் கிடைத்தது. அதில் படத்துக்குப் படம் கணக்கு மாறும். சில படங்கள் ஓடத் தொடங்கி 48 மணித்தியாலத்தில் பூட்டிக்கொள்ளும், சில ஏழு நாளில், சில அதற்கும் மேலாக நிற்கும். உரிமை யாரிடம் வாங்கப்பட்டது என்பதைப் பொறுத்தது அது. டேப்லெட் தொடர்ந்து 30 நாள் இணையத்தைக் காணாவிட்டாலும் இறக்கியவை பூட்டிக்கொள்ளும். அத்தோடு மலிவான திட்டத்தில் ஒரே கருவியில்தான் இறக்க முடியும். எங்கள் இரண்டு டேப்லெட் ஏற்பாட்டுக்கு அதற்கு மேலுள்ள திட்டம் வேண்டும்.

பிரைமிலும் 48 மணித்தியாலக் கட்டுப்பாடு உண்டு, அதை மறைக்க மாட்டேன். ஆனால் தொடாத படம் பெரும்பாலும் 30 நாள் நிற்கும். என் பயணமும் மாதம் ஒருமுறை. வியாழன் நள்ளிரவுக்குப் பிறகு, இரவு டேட்டா தொடங்கியதும் எட்டுப் படங்களை இறக்கிவிட்டால் அடுத்த பயணம் வரை கவலையில்லை. எல்லாப் படத்துக்கும் ஏறக்குறைய ஒரே கணக்கு என்பதால் அம்மாவுக்கும் ஒரே வசனத்தில் சொல்லிவிட முடிந்தது: "தொடங்கின படத்தை அடுத்த நாள் இரவுக்குள்ள முடிச்சிடுங்கோ, தொடாததுகள் அப்படியே இருக்கும்." இப்போது அவ ஒரு படத்தை முடித்துவிட்டே மற்றதைத் தொடுகிறா. தப்பித்தவறிப் பூட்டிக்கொண்டாலும் பக்கத்து வீட்டுத் தம்பி தன் ஃபோனிலிருந்து இணைப்புக் கொடுத்து உரிமத்தைப் புதுப்பித்துவிடுவார். இறக்கும்போது ஒலியின் மொழியைச் சரியாகத் தெரிவு செய்யுங்கள். நான் ஒருமுறை கவனியாமல் தெலுங்கில் இறக்கிக் கொண்டுபோய்விட்டேன்.

காசு விஷயம் டொலரில் நிற்கிறது, அதுதான் இங்குள்ள எல்லோருக்கும் நோகும் இடம். பிரைம் வெளிநாடுகளில் 2016இல் தொடங்கியபோது அறிமுகச் சலுகை போக மாதம் 5.99 டொலர். டொலர் 200 ரூபாவில் இருந்தபோது அது ஏறக்குறைய 1,200 ரூபா. 2022 மார்ச்சில் ரூபாவின் பெறுமதியைச் சந்தையின் போக்கில் மிதக்கவிட்டு, டொலர் 360ஐத் தொட்டபோது அதே தொகை 2,150ஐத் தாண்டியது. அதற்கு மேல் வங்கி அட்டைக் கட்டணம் வேறு. அந்த நாட்களில் எங்கள் தெருவில் சந்தாவை நிறுத்தியவர்கள் பலர், அவர்களைக் குறைசொல்ல எனக்கு மனமில்லை.

ஒரு படத்தை நிரந்தரமாக வாங்கிவிடுவது நியாயமான மாற்றுவழி. ஆப்பிளின் ஐடியூன்ஸ் கடை 2012இலேயே இலங்கைக்குத் திறக்கப்பட்டது. வாங்கி இறக்கிய படத்துக்கு 48 மணித்தியாலமும் இல்லை, 30 நாளும் இல்லை. என் ஐஃபோனில் மூன்று ஆங்கிலப் படங்கள் அப்படி இருக்கின்றன. ஆனால் எங்கள் டேப்லெட்டுகள் ஆண்ட்ராய்ட், அவற்றில் அந்தப் படங்களை இறக்க முடியாது. மூன்று படத்தை வைத்துக்கொண்டு இந்த வழியைப் பற்றி உறுதியாகப் பேசவும் மாட்டேன். வீட்டில் ஐபாட் இருந்தால், பிடித்த படத்தையே திரும்பத் திரும்பப் பார்ப்பவர் இருந்தால், முதலில் இதை யோசியுங்கள்.

"உந்தக் கரைச்சல் எதுக்கு, சும்மா இறக்கு" என்று நண்பர்கள் சொல்வதுண்டு. திருட்டுப் பிரதிக்கு மணிக்கணக்கே இல்லை என்பது உண்மை. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்தில் அதற்கு அபராதமும் சிறையும் உண்டு என்பதும் உண்மை. சட்டத்தை விடுங்கள், ஒரு படத்தில் வேலை செய்த நூறு பேரின் கூலியைத் தவிர்த்துவிட்டு அம்மாவுக்குப் படம் காட்ட எனக்குப் பிடிக்கவில்லை.

அம்மாவின் ஒழுங்கைக்கு ஃபைபர் வரப்போகிறது என்கிறார்கள். வந்தால் இந்த நாள் கணக்கெல்லாம் எனக்குப் பொருட்டில்லை. அன்றைக்கு நெட்ஃப்ளிக்ஸையும் பிரைமையும் படப் பட்டியலை மட்டும் வைத்து மறுபடி ஒப்பிடுவேன்.